வளர்த்த ஏக்கம்

புகார் வந்த அன்றைக்கே எனக்குப் புகார் கொடுத்தவர் மேல்தான் முதல் சந்தேகம்.

எங்கள் வாரியத்துக்கு வரும் புகார்கள் எல்லாம் ஒரே குரலில்தான் வரும். கூப்பிடுகிறவர் ஆணோ பெண்ணோ, கிழமோ குமரியோ, இயந்திரம் அவர் குரலை அழித்துவிட்டு நடுத்தர வயதுப் பெண்ணொருத்தியின் குரலை ஒட்டி அனுப்பும். ஆளைக் கண்டுபிடிக்கக் கூடாது என்பதற்காக அந்த ஏற்பாடு. ஊரிலுள்ள பொறாமையும் வயிற்றெரிச்சலும் பங்காளிச் சண்டையும் அந்த ஒரே பெண்ணின் வாயிலிருந்து வருவதைக் கேட்டுக் கேட்டு, இல்லாத அவள்மீது எனக்கு ஒரு வெறுப்பே வந்துவிட்டது.

அன்று அவள் சொன்னது இது: "கரூர்ல, தாந்தோணிமலைப் பக்கம், நவநீதன்னு ஒருத்தருங்க. பஸ் பாடி கட்டற பட்டறை வெச்சிருந்தவரு. மூணாவது தளிர் ஊசிக்குக் கேட்டிருக்காரு. அவரோட ஏக்கம் ஊட்டுல வளக்கற ஏக்கம். நம்பிக்கை இல்லீன்னா வந்து பாருங்க. மத்தியானம் சாப்பாட்டு நேரத்துக்கு வாங்க."

பிறகு, "அந்த ஊட்டம்மா மேல கேசு கீசு ஒண்ணும் வராதுங்களே?" என்று கேட்டாள். பதில் சொல்ல அந்தப் பக்கம் யாரும் இல்லை என்று தெரிந்தும் இன்னொரு முறை கேட்டுவிட்டு வைத்தாள்.

என் பெயர் மகிழ்மதி. பெயருக்கும் எனக்கும் ஸ்நானப் பிராப்தி கிடையாது. வயதானவர்களுக்குத் தளிர் ஊசி போடுகிற ஆயுள் நீட்டிப்பு வாரியத்தின் திருச்சி அலுவலகத்தில் உண்மை ஆய்வாளர். கடையில் வாங்கிய பால் பாக்கெட்டைக்கூட மூன்று பக்கமும் திருப்பிப் பார்த்துத்தான் வெட்டுவேன் என்று என் வீட்டுக்காரர் ஊரெல்லாம் சொல்லிவைத்திருக்கிறார். அது பொய்யில்லை.

டாக்டர் அஸ்வத்தின் அறைக்குப் போனேன். ஏக்கத்தை அளக்கிறவர் அவர்தான். தலையில் ஒரு கவசத்தை மாட்டி, அரைமணி நேரம் படுக்கவைத்து, மனிதனுக்கு இன்னும் எவ்வளவு வேண்டியிருக்கிறது என்று ஒரு எண்ணாகச் சொல்லிவிடுவார். எதற்கான ஏக்கம் என்று கவசம் சொல்லாது.

"நவநீதனா? அறுபத்தெட்டு," என்றார். "நாப்பது இருந்தாலே மருந்து ஏறும். இவருக்குப் போன ரெண்டு ஊசியும் ஜம்முனு ஏறிச்சு."

"எழுபத்துநாலு வயசுல ஒரு மனுஷனுக்கு அறுபத்தெட்டு அளவுக்கு என்ன டாக்டர் வேண்டிக்கிடக்கு?"

"அதைக் கண்டுபிடிக்கத்தானே உனக்குச் சம்பளம்."

"தப்புன்னு நான் எழுதிட்டா?"

"ரெண்டு ஊசி போட்ட உடம்பு. மூணாவது இல்லைன்னா வேகமா இறங்கிடும். ரெண்டு வருஷம் தாண்டாது. போட்டா இன்னும் பதினஞ்சு வருஷம் நடமாடுவார்." கவசத்தைத் துடைத்துக்கொண்டே சொன்னார். "மருந்து மேல கோவப்பட்டு என்ன பண்றது? வேணும்னு தவிக்கிற உடம்புலதான் அது ஒட்டுது. 'எல்லாம் பாத்தாச்சு, போதும்'னு இருக்கிறவங்களுக்குப் போட்டா மூத்திரத்துல போயிடுது. நிறைவா வாழ்ந்தவனுக்கு மேல வாழ வழியில்லை. என்ன செய்ய?"

இந்த ஒரு விஷயம் வெளியே தெரிந்த பிறகு ஜனங்கள் செய்த கூத்து கொஞ்சமில்லை. குளித்தலையில் ஒருவர் வீட்டு மாடியைப் பாதியில் நிறுத்தி, கம்பிகள் துருப்பிடிக்க நீட்டிக்கொண்டிருக்க, தினமும் அண்ணாந்து பார்த்துப் பெருமூச்சு விட்டார். அதையாவது சிரித்துவிட்டுப் போகலாம். புதுக்கோட்டைப் பக்கம் ஒரு குடும்பம், பாட்டிக்கு ஏக்கம் குறையக் கூடாதென்று பேரப்பிள்ளைகளை ஆறு வருஷம் கண்ணில் காட்டவில்லை. அந்தக் கிழவி வாசலைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். அவள் எண் ஏறிக்கொண்டே இருந்தது. குடும்பமே அவள் பென்ஷனில் சாப்பிட்டது. அதற்குப் பிறகுதான் சட்டம் வந்தது. தானாக உள்ள ஏக்கத்துக்குத்தான் ஊசி. பிறர் தெரிந்தே தீர்க்காமல் வைத்திருக்கிற ஏக்கம் வளர்த்த ஏக்கம். அதற்கு ஊசி இல்லை.

மறுநாள் மதியம் சரியாகச் சாப்பாட்டு நேரத்துக்குப் போய் இறங்கினேன்.

பட்டறையை ஒட்டியே வீடு. முன்னால் மூன்று பேருந்துகள் தகரம் அடிக்காத எலும்புக்கூடாக நின்றன. வண்டி தானே ஓடுவதால் இப்போதெல்லாம் டிரைவர் சீட்டே கிடையாது. அந்த இடத்திலும் இரண்டு பயணிகளை உட்காரவைத்துவிடுகிறார்கள். நவநீதன் வந்து வணங்கினார். ஒல்லியான மனிதர், சட்டைப் பை கனத்துத் தொங்கியது. பட்டறை கைமாறி வருஷங்கள் ஆனாலும் தினமும் போய் ரிவெட் ஆணிகளைத் தட்டிப் பார்க்காவிட்டால் சோறு இறங்காது என்று அவர் மகள் மிதுனா சொன்னாள். நாற்பது வயது இருக்கும் அவளுக்கு. தறித்துணிக்கு டிசைன் போடுகிற வேலை. கல்யாணம் ஆகவில்லை. அம்மா தாரணி சமையலறையிலிருந்து எட்டிப்பார்த்து, "வாங்க மேடம், மொதல்ல சாப்புடுங்க, அப்பறம் கேக்கறதையெல்லாம் கேளுங்க," என்றார்.

சாப்பிட உட்கார்ந்ததும்தான் விஷயம் தெரிந்தது.

"அம்மணி, அப்பாவுக்கு ரசம் வேணுமான்னு கேளு," என்றார் தாரணி. அப்பா மூன்றடி தூரத்தில் உட்கார்ந்திருந்தார்.

"அப்பா, ரசம்?"

"அரைக் கரண்டி போதும்னு சொல்லு, கண்ணு."

"அரைக் கரண்டியாம்."

"நேத்தும் அரைக் கரண்டிதான் ஊத்திக்கிட்டாங்க. ஒடம்புக்கு என்னன்னு கேளு."

"ஒடம்புக்கு என்னப்பா?"

"ஒண்ணுமில்லைன்னு சொல்லு."

மிதுனா இரண்டு பக்கமும் திரும்பாமல், தட்டைப் பார்த்தபடியே இந்த அஞ்சல் சேவையை நடத்திக்கொண்டிருந்தாள். அவள் கையில் பிசைந்த சோறு வாய்க்குப் போகவே இல்லை.

"எவ்வளவு நாளா இப்படி?" என்று கேட்டேன்.

"பன்னெண்டு வருசமுங்க," என்றார் நவநீதன் என்னிடம், வெட்கத்தோடு. "தப்பு என்மேலதான். இந்த ஊடு கட்டிப் பால் காச்சுன அன்னைக்கி பந்தியில இவங்க அண்ணன் கோகுல் உக்காந்திருந்தாரு. 'பஸ் கட்டறவன் கட்டுன ஊடு, சன்னலெல்லாம் பஸ் சன்னலாட்டவே இருக்குது'ன்னு சொல்லிப்போட்டாரு. எல்லாரும் சிரிச்சாங்க. எனக்குப் பொறுக்குல. எந்திரிச்சுப் போடான்னு சொல்லிட்டேன்."

"எலையில பாயசம் ஊத்தி வெச்சிருந்துச்சு," என்றார் தாரணி சுவரைப் பார்த்து.

"அவரு கையக் கழுவிட்டுப் போயிட்டாரு. போய்ச் சமாதானம் பண்ணோணும் பண்ணோணும்னு நாள் கடத்திட்டு இருந்தேன். அந்த ஐப்பசியில மார் வலிச்சுச் செத்துப்போனாரு. காரியம் முடிஞ்ச அன்னைக்கி இவ பேச்ச நிறுத்துனா."

சாப்பிடுகிறவரை இலையிலிருந்து எழுப்பிய பாவத்தை நம் பக்கத்தில் எந்த வீடும் லேசில் மறக்காது. அறுபத்தெட்டு எங்கிருந்து வந்தது என்று எனக்குப் புரிந்துவிட்டது. ஆனாலும் மனசு ஒப்பவில்லை. கேட்டதும் காரணம் வந்து விழுகிற இடத்தில் நான் எப்போதும் நின்று கவனிப்பேன். அத்தனை பேச்சு வார்த்தையும் ஒத்திகை பார்த்ததுபோல வழுக்கிக்கொண்டு போனது. நாடகம் என்றால் எங்கேயாவது ஒரு வசனம் தவற வேண்டும்.

அதனால் ரசக் கிண்ணத்தை நவநீதனின் கைப்பக்கம் தட்டிவிட்டேன். கை தவறியதுபோலத்தான். ஆறியிருந்தது, முதலிலேயே தொட்டுப் பார்த்திருந்தேன்.

தாரணியின் வாய் திறந்தது. "ஏ" என்று பாதிச் சொல் வெளியே வந்தது. உதட்டைக் கடித்து அதை அப்படியே உள்ளே இழுத்துக்கொண்டார். அப்புறம்தான், "அம்மணி, அப்பா கையப் பாரு!" என்றார். அதற்குள் அவர் கை முந்தானையோடு நவநீதனின் மணிக்கட்டைத் துடைத்துக்கொண்டிருந்தது.

கோபத்தில் பேசாதவர்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். அவர்களுக்குப் பேச்சு வராது. வந்த பேச்சை விழுங்குகிற ஆளை அன்றைக்குத்தான் பார்த்தேன்.

சாப்பிட்டு முடித்ததும் கை கழுவுகிற சாக்கில் கொல்லைப்புறம் போய்ச் சுவரோரமாக நின்றேன். ஒட்டுக்கேட்பது என் வேலையில் பாதி. நவநீதன் பட்டறைக்குப் போய்விட்டார். தாரணி கொடியில் காய்ந்த துணிகளை எடுத்துக்கொண்டிருந்தார். வேட்டி, துண்டு எல்லாம் சத்தமில்லாமல் மடிந்தன. நவநீதனின் சட்டை வந்ததும் அதைத் தோள்பட்டையில் பிடித்துத் தூக்கி நிறுத்திப் பேச ஆரம்பித்தார்.

"ஆணிய சட்டைப் பையில போடாதீங்கன்னு எத்தன வாட்டி சொல்றது? பை மறுபடியும் கிழிஞ்சு கெடக்குது. ஏனுங்க ரெண்டு நாளா சோறு எறங்க மாட்டேங்குது? ராத்திரி இருமுனீங்களே, எந்திரிச்சு சுடுதண்ணி வெச்சுட்டு வந்தேன், குடிச்சீங்களா இல்லையா?"

சட்டை பதில் சொல்லவில்லை. அதை நெஞ்சோடு மடித்து வைத்துக்கொண்டு திரும்பியவர் என்னைப் பார்த்துவிட்டார். திருடன் மாட்டிக்கொண்ட முகம் எனக்கு நன்றாகத் தெரியும். ஆனால் அந்த முகத்தைப் பார்த்து எனக்குக் கஷ்டமாக இருந்தது இதுதான் முதல் தடவை.

"எப்ப மன்னிச்சீங்க?" என்று கேட்டேன்.

துணி மூட்டையோடு கீழேயே உட்கார்ந்துவிட்டார். "நாலு வருசத்துலயே கோவம் போயிருச்சுங்க. அந்த வருசம் பொங்கலுக்குப் பேசிரலாம்னு இருந்தேன். மார்கழியில இவருக்கு மொத ஊசிக்கு அளந்தாங்க. 'உங்க ஊட்டுக்காரருக்கு உள்ளுக்குள்ள என்னமோ பெரிய ஏக்கம் இருக்குதும்மா, அது இருக்கற வரைக்கும் மருந்து ஏறும், நீங்க குடுத்துவெச்சவங்க'ன்னு அங்கிருந்த டாக்டர் சொன்னாரு. என்ன ஏக்கம்னு எனக்குத் தெரியாதுங்களா?"

"அதனால பேசல."

"ஒரு வார்த்தை பேசுனா மருந்து ஏறாது. மருந்து ஏறலைன்னா ஆள் இல்ல. பேசாம ஆளையாவது பாத்துட்டு இருக்கலாம்லங்க? பொங்கல் அன்னைக்கிப் பானை பொங்குது, அவரு என் மூஞ்சியவே பாத்துட்டு நிக்கறாரு. வாய்க்குள்ள துணிய வெச்சுக்கிட்டேன், மேடம். நெசமாவே முந்தானையக் கடிச்சுட்டு நின்னேன்." அவர் அழவில்லை. "இதுக்குப் பேரு நீங்க வெச்சிருக்கீங்களே, வளத்த ஏக்கம்னு. நாந்தான் வளத்தேன். எட்டு வருசமா. எழுதிக்கோங்க."

எழுதிக்கொள்ளச் சொல்கிறவரிடம் எழுத முடியவில்லை எனக்கு.

வாசலுக்கு வந்தேன். மிதுனா வண்டி நிறுத்துகிற இடத்தில் நின்று, சாப்பாட்டில் விட்டதை ஒரு வாழைப்பழத்தில் ஈடுகட்டிக்கொண்டிருந்தாள். புகார் கொடுத்தது இவள்தான் என்று நான் முடிவுகட்டியிருந்தேன். இந்த வீட்டில் விடுதலை வேண்டியவள் இவள் ஒருத்திதான்.

"நீங்கதானே போன் பண்ணினது?"

"எந்த போன்?" முதலில் விழித்தாள். விஷயத்தைச் சொன்னதும் கசப்பாகச் சிரித்தாள். "பூனாவுல வேலை ரெண்டு வாட்டி வந்துச்சு மேடம். போகல. நான் போயிட்டா இவங்க ரெண்டு பேருக்கும் நடுவுல யாரு? பொண்ணு பாக்க வந்தவங்களையும் அனுப்பிட்டேன். அம்மாவுக்கு மனசு எறங்கி ரொம்ப நாளாச்சுன்னு எனக்குத் தெரியும். எதுக்கு இந்த வீம்புன்னு அப்பப்போ சண்டை போடுவேன். வாயத் தொறக்காது."

"அம்மா மேல கேஸ் வருமான்னு கேட்டிருக்காங்க, ரெண்டு தடவை."

"அப்ப நானில்லை. நானா இருந்தா கேஸ் போடுங்கன்னு சொல்லியிருப்பேன்." பழத்தோலைத் தூக்கி எறிந்துவிட்டு உள்ளே போனாள்.

அவள் சொன்னதை நம்பினேன். கோபம் அத்தனை உண்மையாக இருந்தது. அப்படியானால் மீதி இருப்பது ஒரே ஒரு ஆள்.

பட்டறைக்குப் போனேன். நவநீதன் ஒரு பேருந்தின் எலும்புக்கூட்டுக்குள், சீட் இல்லாத தரையில் உட்கார்ந்திருந்தார். என்னைப் பார்த்ததும் எழுந்திருக்கப் போனவரைக் கையமர்த்தினேன்.

"உங்க மேல நீங்களே புகார் குடுத்திருக்கீங்க," என்றேன்.

மறுக்கவே இல்லை. "பாத்தீங்களா?" என்றார் ஆவலாக. "அவ மன்னிச்சுப்போட்டா. பாத்தீங்கல்ல?"

"உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"சட்டையோட பேசறாளே. கொல்லைப்பக்கம் ரிவெட் கிடங்கு சன்னல் இருக்குதுங்க. நாலஞ்சு வருசமா கேட்டுட்டு இருக்கேன்."

"தெரிஞ்சும் உங்க எண் குறையலையே?"

"தெரிஞ்சுக்கறது வேறங்க. என்னையப் பாத்து 'ஏனுங்க'ன்னு கூப்பிடோணும். அவ சட்டையக் கூப்பிடறத நான் ஒளிஞ்சு நின்னு கேக்கறேன். அதுல ஏக்கம் குறையுமா, கூடுமா?"

"ஊசி வேண்டாம்னு நீங்களே சொல்லிட்டா முடிஞ்சது. எதுக்கு என்னை இழுத்தீங்க?"

தரையில் கிடந்த ஒரு ரிவெட்டை எடுத்து உருட்டிக்கொண்டே இருந்தார். "நான் வேண்டாம்னா, எட்டு வருசம் நாக்கக் கடிச்சுட்டு இருந்தவ என்ன நெனைப்பா? 'உனக்காக நான் பாடுபட்டேன், உனக்கு இருக்க மனசில்லையா'ம்பா. நான் போயி 'எனக்கெல்லாம் தெரியும், பேசு'ன்னு சொன்னா, பேசிருவா. அப்பறம் நான் செத்தா, நாந்தான் பேசிக் கொன்னேன்னு மிச்ச நாளெல்லாம் அழுவா. யாரு மேலயும் பழி வராம இது நடக்கோணும். அதான் கவர்மெண்ட்டக் கூப்பிட்டேன்."

"கவர்மெண்ட்டுன்னா நான்."

"ஆமாங். நீங்க நல்ல கறாரான ஆளுன்னு சொன்னாங்க."

எனக்குக் கோபம் வந்தது. பத்தொன்பது வருஷமாகப் பொய்யைப் பிடித்து வந்தவளை, ஒரு பஸ் கட்டுகிறவர் கருவியாக எடுத்துக்கொண்டுவிட்டார். இதிலும் ஏதாவது உள்குத்து இருக்குமோ, என் மனதை இளக்கி ஊசியை வாங்கிக்கொள்கிற வித்தையோ என்றுகூட ஒரு கணம் தோன்றியது. அப்படித்தான் என் புத்தி போகும்.

"ரெண்டு வருஷம்கூட நிச்சயமில்லை," என்றேன். "ஊசி போட்டா பதினஞ்சு வருஷம். யோசிச்சீங்களா?"

"பதினஞ்சு வருசமும் அம்மணி நடுவுல உக்காந்து ரசம் வேணுமான்னு கேட்டுட்டு இருக்கோணுமுங்களா? அவளுக்கு இப்பவே நாப்பதாச்சு." கையிலிருந்த ரிவெட்டைக் கீழே போட்டார். "நானும் எம் பொஞ்சாதியும் உசுரோட இருக்கறதுக்காக ஒரு புள்ளையோட வாழ்க்கைய எடுத்து மென்னுட்டு இருக்கறோம், மேடம். எழுதிக் குடுத்துருங்க. கையெடுத்துக் கும்பிடறேன்."

நிராகரித்தேன். சட்டப்படி செய்தேன் என்று சொல்லிக்கொள்ளலாம். ஆனால் வீட்டு நடையில் நின்று மூன்று பேர் முன்னால் அதை அறிவித்தபோது சட்டம் என் நினைவிலேயே இல்லை. மிதுனாவின் தட்டில் காய்ந்து கிடந்த சோறுதான் இருந்தது.

"போன்ல வந்த புகாரை விசாரிச்சு, வளர்த்த ஏக்கம்னு முடிவு பண்ணியிருக்கு. மூணாவது ஊசி கிடையாது. இது வாரியத்தோட முடிவு. இந்த வீட்டுல யாரும் இதுக்குப் பொறுப்பில்லை."

கடைசி வாக்கியம் விதிமுறையில் இல்லாதது. தாரணி தூணைப் பிடித்துக்கொண்டார். பழக்கம் விடவில்லை, மகள் பக்கம் திரும்பி, "அம்மணி, அப்பாகிட்டக் கேளு..." என்று ஆரம்பித்தார். நிறுத்தினார். இனிமேல் எதற்கு இந்தச் சுற்று என்பது அவருக்கு உறைத்ததை நான் கண்ணால் பார்த்தேன். மெதுவாக நவநீதன் பக்கம் திரும்பினார்.

"ஏனுங்க," என்றார். "நீங்கதான போன் பண்ணுனது?"

பன்னிரண்டு வருஷத்துக்குப் பிறகு மனிதருக்குக் கிடைத்த முதல் வார்த்தை. அவர் பதறிப்போய் மகளைப் பார்த்தார். "அம்மணி, அம்மாகிட்டச் சொல்லு..."

"நீங்களே சொல்லுங்கப்பா," என்றாள் மிதுனா. செருப்பை மாட்டிக்கொண்டு எனக்கு முன்னால் வெளியே நடந்தாள். நாங்கள் கேட்டைத் தாண்டுவதற்குள் உள்ளே சண்டை ஆரம்பித்துவிட்டது. பாயசம், அண்ணன், பஸ் சன்னல் எல்லாம் வரிசையாக வந்தன. நடுநடுவே நவநீதன் அழுவதும் கேட்டது. மிதுனா கேட்டில் சாய்ந்து நின்று அதைக் கேட்டாள். என்னோடு பஸ் நிலையம் வரை வந்து ஒரு காபி குடித்தாள். ஆற அமரக் குடித்தாள்.

நிராகரித்த ஆளை மூன்று மாதம் கழித்து ஒரு முறை அளந்து முடித்துவைப்பது எங்கள் வழக்கம். கணவனும் மனைவியும் திருச்சிக்கு வந்தார்கள். மிதுனா பூனா போய் இரண்டு மாதம் ஆகியிருந்தது. எண் இருபதுக்குக் கீழே போயிருக்கும் என்று டாக்டர் அஸ்வத் சொல்லிக்கொண்டே கவசத்தை மாட்டினார்.

தொண்ணூற்றொன்று வந்தது.

கவசத்தைத் திட்டினார். வேறு கவசம் கொண்டுவரச் சொன்னார். அதில் தொண்ணூற்று மூன்று. எனக்கு எல்லார் மேலும் சந்தேகம் வந்தது. கவசத்தின் மேல், டாக்டர் மேல், நான் இல்லாதபோது வீட்டில் என்ன புது நாடகம் போட்டார்களோ என்று அவர்கள் மேல்.

"இப்ப என்ன வேணும் உங்களுக்கு?" என்று நவநீதனைக் கேட்டேன். "அதான் பேசிட்டாங்களே?"

"பேசறாளுங்க. எங்க நிறுத்தறா?" என்றார், வெட்கமும் பூரிப்புமாக. "பன்னெண்டு வருசத்துப் பேச்சு பாக்கி இருக்குதுங்களே. ஒவ்வொரு நாளா சொல்லிட்டு வாரா. அன்னைக்கி என்ன சமைச்சா, நான் என்ன சட்டை போட்டிருந்தேன், என்னைய என்ன திட்டோணும்னு நெனைச்சா, எல்லாம். இப்பத்தான் மூணாவது வருசத்துல நிக்கறா. முழுசாக் கேக்காம எப்படிங்க போறது?"

டாக்டர் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். பிறகு என்னை மட்டும் ஜன்னலோரம் அழைத்தார். "எண் குறைவா வந்தவங்க எல்லாரும் ஒண்ணு சொல்லுவாங்க. 'எல்லாம் பாத்தாச்சு, போதும்'னு. நாங்க அதை நிறைவுன்னு எடுத்துக்கிட்டோம். புஸ்தகத்துல அப்படித்தான் எழுதியிருக்கு. மகிழ்மதி, நம்ம வீட்டுப் பெரியவங்க அதை எப்பச் சொல்லுவாங்க?"

என் மாமனார் கடைசிக் காலத்தில் தினமும் அதைச் சொன்னார். அணைத்து வைத்த டி.வி.யின் முன்னால் உட்கார்ந்துகொண்டு சொன்னார். நாங்கள் ரொம்பப் பக்குவப்பட்டுவிட்டார் என்று பேசிக்கொண்டோம். யாரும் பக்கத்தில் போய் உட்காரவில்லை.

"நிறைஞ்சவங்க யாரையும் நாம அளந்ததே இல்லை போலிருக்கு," என்றார் டாக்டர். "அலுத்துப்போனவங்களைத்தான் அளந்திருக்கோம்."

ஊசி போட இனித் தடையில்லை என்று அவர்களிடம் சொன்னேன். நவநீதன் கைகூப்பினார். தாரணிக்கு அப்போது சந்தோஷம் வந்ததா என்று எனக்குத் தெரியவில்லை. அவர் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தார். உதடு அசைந்தது.

"மேடம், ஒண்ணு கேக்கட்டுங்களா? பேசுனதுக்கு அப்பறமும் மருந்து ஏறும்னா, அந்தப் பொங்கல் அன்னைக்கே நான் பேசியிருந்தாலும் ஏறியிருக்குங்களா?"

டாக்டர் கவசத்தை எடுத்து, துடைத்ததையே மறுபடி துடைத்தார். எட்டு வருஷம். முந்தானையைக் கடித்துக்கொண்டு நின்ற எட்டுப் பொங்கல். ஒரு பெண்ணின் பூனா வேலை, அனுப்பிவிட்ட மாப்பிள்ளைகள்.

"இல்லீங்கம்மா," என்றேன். "அப்ப ஏறியிருக்காது. அது பழைய மருந்து. போன வருஷம்தான் மாத்தினாங்க. நீங்க செஞ்சதுனாலதான் இவர் இன்னிக்கு உக்காந்திருக்கார்."

என் குரல் எனக்கே நன்றாக இருந்தது. தடுமாற்றமே இல்லை. தாரணி என்னைப் பார்த்தார். கண்ணை, உதட்டை, மேஜைமேல் வைத்திருந்த என் கையை, ஒன்று விடாமல் நிதானமாகப் பார்த்தார். எதிரே உட்கார்ந்திருக்கிற ஆட்களை நான் அப்படித்தான் பார்ப்பேன். என்னை யாரும் அப்படிப் பார்த்ததில்லை.

பிறகு கணவர் பக்கம் திரும்பினார்.

"ஏனுங்க, இந்தம்மா பொய் சொல்லுது."

"தெரியுது," என்றார் நவநீதன். "உடு."

தாரணி பேசவில்லை. தலையைக் குனிந்துகொண்டார். ஒரு நிமிடம் போயிற்று, இன்னொன்றும் போயிற்று. நவநீதனின் முகத்தில் பயம் ஏறுவதைப் பார்த்தேன். மனிதர் நாற்காலியின் விளிம்புக்கு வந்துவிட்டார்.

"தாரணி," என்றார் கெஞ்சலாக. "பஸ்ஸுல சொல்லிட்டு வந்தியே, அந்த ஆடிப் பதினெட்டு, அப்பறம் என்னாச்சு? சொல்லு."

தாரணி கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"அன்னைக்கி நீங்க அந்த நீலச் சட்டை போட்டிருந்தீங்க," என்றார்.